விஆர் கேம் ரீஃபண்ட்: பணம் கைநழுவிப் போகும் இடங்கள்

தென்னாப்பிரிக்காவில் நம்மவர்கள் வாழும் சாட்ஸ்வொர்த்திலோ லெனேசியாவிலோ தீபாவளிக்கு வீடு நிறைந்திருக்கும்போது, தலையில் மாட்டும் விஆர் (மெய்நிகர் உலகம்) ஹெட்செட் ஒன்றுதான், கைகள் பத்து. புதிதாக வாங்கிய கேமை மாமா பிள்ளை இருபது நிமிடம் ஆடுவான், சித்தி மகள் பயிற்சிக் கட்டத்தை இரண்டு முறை சுற்றி வருவாள், பெரியப்பா ஒரு கை பார்த்துவிட்டுத் தலைசுற்றி உட்கார்ந்துவிடுவார். சாப்பாட்டு நேரத்தில் ஹெட்செட் சோபாவில் கிடக்கும், உள்ளே மெனு இசை ஓடிக்கொண்டிருக்கும். வாங்கியவர் நிம்மதியாக உட்கார்ந்து ஆடிப் பார்த்து, "இது நமக்கு ஆகாது" என்று முடிவெடுக்கும்போது கணக்கில் இரண்டு மணி நேரம் தாண்டியிருக்கும். ரீஃபண்ட் அங்கேயே போய்விட்டது.

விஆர் கேமுக்குப் பணம் திரும்பக் கிடைக்காமல் போவது பெரும்பாலும் இப்படித்தான். விண்ணப்பத்தில் என்ன எழுதினோம் என்பதைவிட, வாங்கிய முதல் சில நாட்களில் ஹெட்செட்டை எப்படிக் கையாண்டோம் என்பதே முடிவைத் தீர்மானிக்கிறது.

எந்தக் கடை, எந்த விதி

முதல் தவறு, எல்லாக் கடைக்கும் ஒரே விதி என்று நினைப்பது. மெட்டா நிறுவனத்தின் குவெஸ்ட் ஹெட்செட் கடையிலும், கணினி கேம் கடையான ஸ்டீமிலும் அடிப்படைக் கணக்கு ஒன்று: வாங்கி 14 நாட்களுக்குள் கேட்க வேண்டும், ஆடிய நேரம் 2 மணிக்குக் குறைவாக இருக்க வேண்டும். இரண்டும் சேர்ந்தே பொருந்த வேண்டும். ஒரு நிமிடம்கூட ஆடாமல் 15ஆம் நாள் கேட்டாலும் உரிமை இல்லை. வாங்கிய அன்றே 2 மணி 10 நிமிடம் ஆடிவிட்டுக் கேட்டாலும் இல்லை.

பிளேஸ்டேஷன் கடை வேறு உலகம். அங்கேயும் 14 நாள்தான், ஆனால் பதிவிறக்கத்தைத் தொடங்கியிருக்கக் கூடாது. ஆடினீர்களா இல்லையா என்பதே கேள்வியில்லை. டவுன்லோட் தொடங்கிய நொடியில் உரிமை போய்விடும், கேமில் உண்மையான பழுது இருந்தால் மட்டும் விலக்கு. ஸ்டீமில் பழகியவர் பிளேஸ்டேஷன் ஹெட்செட்டான பிஎஸ் விஆர்2 வாங்கியதும் "அரை மணி ஆடிப் பார்ப்போம், பிடிக்காவிட்டால் திருப்பிவிடலாம்" என்று இறங்கி மாட்டிக்கொள்வது இதனால்தான். கன்சோலில் வாங்கி முடித்த கையோடு வரும் பதிவிறக்கப் பொத்தானைப் பழக்கதோஷத்தில் அழுத்தாதீர்கள். வரிசையில் தானாகச் சேர்ந்துவிட்டதா என்றும் ஒருமுறை பாருங்கள். இரவில் ஓய்வு நிலையில் விட்ட கன்சோல் விடிவதற்குள் முழு கேமையும் இறக்கி வைத்திருக்கும்.

முன்பதிவிலும் வித்தியாசம் உண்டு. ஸ்டீமில் வெளியீட்டு நாள் வரை எப்போது வேண்டுமானாலும் திருப்பலாம், 14 நாள் கணக்கு வெளியீட்டிலிருந்துதான் ஓடும். ஆனால் முன்கூட்டியே ஆட அனுமதிக்கும் விலை உயர்ந்த பதிப்பை வாங்கினால், அந்த ஆட்ட நேரமும் 2 மணிக் கணக்கில் சேரும். 2024 ஏப்ரலுக்கு முன் சேராது, இப்போது சேரும். பிளேஸ்டேஷனில் வெளியீட்டுக்கு 14 நாட்களுக்கு மேல் இருக்கும்போது பணம் கட்டியிருந்தால் வெளியீட்டு நாள் வரை திருப்பலாம். அதைவிட நெருக்கத்தில் கட்டியிருந்தால் பணம் கட்டிய நாளிலிருந்து 14 நாள், அதுவும் முதன்மைக் கோப்பை இறக்காதவரை.

இரண்டு மணி நேரம் எங்கே போகிறது

ஹெட்செட்டைக் கழற்றி வைப்பது வேறு, கேமை மூடுவது வேறு. கணினியில் ஸ்டீமின் விஆர் மென்பொருளான ஸ்டீம்விஆர் வழியாக ஆடுபவர்களுக்கு இது கண்ணுக்குத் தெரியாத ஓட்டை. ஹெட்செட் மேசையில் கிடந்தாலும் கேமின் நிரல் கணினியில் ஓடிக்கொண்டிருக்கும் வரை ஆட்ட நேரம் ஏறிக்கொண்டே இருக்கும். மெனுவில் நின்றாலும் ஏறும், கேமுக்கு முன் திறக்கும் லாஞ்சர் ஜன்னலில் மாட்டிக்கொண்டு நின்றாலும் ஏறும். சாப்பிட எழுந்தால் கேமை முழுதாக மூடிவிட்டு எழுங்கள். குவெஸ்ட்டிலும் அதே பழக்கம் நல்லது: வலக்கைக் கட்டுப்பாட்டுக் கருவியில் உள்ள மெட்டா பொத்தானை அழுத்தி, 'க்விட்' கொடுத்து வெளியே வாருங்கள்.

விருந்தாளிகள் உங்கள் கணக்கில் ஆடும் நேரம் உங்கள் நேரம்தான். யார் தலையில் ஹெட்செட் இருந்தது என்று கடைக்குத் தெரியாது. கூட்டம் கூடும் வீட்டில் புது கேமைத் திறக்காதீர்கள். பிள்ளைகளுக்கு ஏற்கெனவே வீட்டில் இருக்கும் கேமைப் போட்டுக் கொடுங்கள்.

120 நிமிடத்தை எப்படிச் செலவழிப்பது என்பதற்கு ஒரு திட்டம் இருந்தால் பாதிப் பிரச்சினை தீரும். முதல் 15 நிமிடத்தில் எழுத்து தெளிவாகத் தெரிகிறதா, கை அசைவு சரியாகப் பதிவாகிறதா, உட்கார்ந்து ஆட முடிகிறதா என்று பாருங்கள். எழுத்து மங்கலாக இருந்தால் உடனே கேமைக் குறை சொல்ல வேண்டாம். கண்மணிகளுக்கு இடையிலான தூரத்துக்கு லென்ஸ் பொருந்தியிருக்காது. குவெஸ்ட் 2இல் 58, 63, 68 மில்லிமீட்டர் என்று மூன்று நிலைகள்தான், லென்ஸைக் கையால் நகர்த்தி மாற்ற வேண்டும். தம்பிக்குச் சரியாக இருந்த நிலை அப்பாவுக்கு மங்கலாகத் தெரியும். இதற்காக நல்ல கேமைத் திருப்பிவிட்டு, அடுத்த கேமிலும் அதே மங்கலைப் பார்ப்பவர்கள் உண்டு.

அடுத்தது தலைசுற்றல். "பழகிவிடும்" என்று பல்லைக் கடித்துக்கொண்டு ஒரே மூச்சில் ஆடுவது உடம்புக்கும் கெடுதல், ரீஃபண்டுக்கும் கெடுதல். உங்களுக்கு 14 நாள் இருக்கிறது. ஒரு நாளைக்கு 15 நிமிடமாக ஆடினால் ஏழு நாட்கள் ஆடினாலும் 1 மணி 45 நிமிடம்தான், கால் மணி கையிருப்பு. ஒவ்வொரு முறையும் அமைப்புகளில் ஒன்றை மாற்றிப் பாருங்கள்: வழுக்கி நகர்வதற்குப் பதில் தாவி நகர்வது, மெல்லத் திரும்புவதற்குப் பதில் படிப்படியாகத் திரும்புவது, நகரும்போது பார்வையின் ஓரத்தை இருட்டாக்குவது. இவையெல்லாம் போட்டும் மூன்றாம் நாள் குமட்டுகிறது என்றால் அந்த கேம் உங்களுக்கில்லை, அன்றே திருப்புங்கள். வாங்கும் முன்பே மெட்டா கடையின் கேம் பக்கத்தில் சௌகரிய அளவு 'கம்ஃபர்டபிள்', 'மாடரேட்', 'இன்டென்ஸ்' என்று போட்டிருக்கும். முதல் ஹெட்செட் வாங்கியவர் 'இன்டென்ஸ்' கேமில் தொடங்குவது காசைக் கரியாக்கும் வேலை.

பலர் சேர்ந்து ஆடும் கேமுக்கு தென்னாப்பிரிக்காவில் தனிக் கவலை ஒன்று உண்டு. பல விஆர் கேம்களுக்கு ஆப்பிரிக்காவில் சர்வர் கிடையாது, இணைப்பு ஐரோப்பாவுக்குப் போய் வரும். டர்பனிலிருந்து லண்டன் போய்த் திரும்பவே 150 மில்லிவினாடி அளவில் ஆகிவிடும். மெதுவாக ஆடும் சீட்டாட்டத்தில் அது தெரியாது. வாள் சண்டையிலும் மேசைப்பந்திலும் கண்கூடாகத் தெரியும், நீங்கள் அடித்த பிறகு பந்து வேறெங்கோ போகும். எனவே ஒற்றையாள் பயிற்சியில் ஒன்றரை மணி நேரத்தைக் கரைத்துவிட்டு கடைசியில் இணையத்தில் இறங்காதீர்கள். முதல் அரை மணிக்குள்ளேயே, நீங்கள் வழக்கமாக ஆடப்போகும் அதே மாலை நேரத்தில், இணைய ஆட்டத்தைப் பாருங்கள். எதிராளி கிடைக்க எவ்வளவு நேரம் ஆகிறது என்பதும் அப்போதே தெரிந்துவிடும். காத்திருப்பு அறையில் நிற்கும் நேரமும் கணக்கில்தான் ஏறும்.

நாள் கணக்கு

14 நாள் என்பது வாங்கிய நாளிலிருந்து. முதலில் ஆடிய நாளிலிருந்தோ, டவுன்லோட் முடிந்த நாளிலிருந்தோ அல்ல. மின்வெட்டில் ரூட்டர் அணைந்து பதிவிறக்கம் மூன்று நாள் இழுத்தாலும் அந்த மூன்று நாளும் போனதுதான்.

இதில் பெரிய இழப்பு நவம்பரில் நடக்கிறது. பிளாக் ஃபிரைடே தள்ளுபடியில் கேம் வாங்கி, பிள்ளைகளுக்கு டிசம்பர் விடுமுறையில் காட்டலாம் என்று ஒளித்து வைப்பார்கள். கிறிஸ்துமஸ் அன்று திறக்கும்போது ஏறக்குறைய நான்கு வாரம் ஆகியிருக்கும். அன்று அது ஹெட்செட்டில் ஓடாத பதிப்பு என்று தெரிந்தால் செய்வதற்கு எதுவுமில்லை. ஸ்டீமில் பரிசாக அனுப்பி வைத்தாலும் தப்ப முடியாது, பெற்றவர் ஏற்காத பரிசுக்கும் அதே 14 நாள்தான். தேதி தள்ளிக் கொடுக்க வேண்டியதென்றால் கேமை வாங்காமல் கடையின் பரிசு அட்டையை வாங்குங்கள். தென்னாப்பிரிக்காவின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் (2008ஆம் ஆண்டின் 68ஆம் எண்) 63ஆம் பிரிவின்படி முன்பணம் கட்டிய அட்டையும் வவுச்சரும், முழு மதிப்பும் செலவாகாதவரை, வழங்கிய நாளிலிருந்து மூன்று ஆண்டுக்குச் செல்லும். ஒரு எச்சரிக்கை: பிளேஸ்டேஷன் அட்டைகள் நாட்டுக்கு நாடு பூட்டப்பட்டவை. லண்டனில் இருக்கும் அத்தை அன்போடு அனுப்பும் பவுண்டு அட்டை, தென்னாப்பிரிக்கக் கணக்கில் ஏறாது.

வாங்கிய இரண்டாம் நாளே கேம் பாதி விலைக்கு வந்தால் வயிறு எரிய வேண்டாம். ஸ்டீமில் பழைய விலையில் வாங்கியதைத் திருப்பிவிட்டு உடனே தள்ளுபடி விலையில் மறுபடி வாங்கலாம், அதை முறைகேடாகக் கருதுவதில்லை என்று அவர்களே விதியில் எழுதியிருக்கிறார்கள். நேரமும் நாளும் வரம்புக்குள் இருக்க வேண்டும், அவ்வளவுதான். ஆனால் கேம்களை இலவச வாடகை போல வாங்கி வாங்கித் திருப்பினால் ஸ்டீமும் மெட்டாவும் ரீஃபண்ட் வசதியையே நிறுத்தலாம்.

தவறான பெட்டியை வாங்குவது

நம் ஹெட்செட்டில் ஓடாத கேமை வாங்கிவிடுவது இன்னொரு தவறு. நல்ல வேளையாக, அதை வாங்கும் முன்பே கண்டுபிடித்துவிடலாம். முதல் பிஎஸ் விஆருக்கு வந்த கேம்கள் பிஎஸ் விஆர்2இல் ஓடாது, தனியாக விஆர்2 பதிப்பு வந்திருந்தால்தான் உண்டு. குவெஸ்ட் 3, 3எஸ் மாடல்களுக்கு மட்டும் வரும் கேம்கள் குவெஸ்ட் 2இல் ஓடாது. ஸ்டீமில் இருக்கும் விஆர் கேம் குவெஸ்ட்டில் தனியாக ஓடாது, விஆருக்கு ஏற்ற கிராஃபிக்ஸ் அட்டை உள்ள கணினி வேண்டும், இரண்டையும் இணைக்கும் லிங்க் கேபிளோ நல்ல 5 கிகாஹெர்ட்ஸ் வைஃபையோ வேண்டும். அந்த இணைப்பைச் சரிசெய்வதை கேம் ஓடும்போதே செய்து நேரத்தைக் கரைப்பது இன்னொரு தவறு. முதலில் ஏதாவது இலவச கேமை வைத்து இணைப்பைச் சரிபார்த்துவிட்டுப் பிறகு காசு கொடுங்கள்.

2024 ஆகஸ்டில் ஆப் லேப் என்ற சோதனைக் கடையை மெட்டா தன் முதன்மைக் கடையோடு கலந்துவிட்டது. அதற்குப் பிறகு அரைகுறை கேம்களும் முடிந்த கேம்களும் ஒரே அலமாரியில் நிற்கின்றன. 'ஏர்லி ஆக்சஸ்' (முடியும் முன்பே விற்பது) என்ற முத்திரை இருக்கிறதா, கடைசிப் புதுப்பிப்பு எப்போது வந்தது என்று பார்க்காமல் வாங்காதீர்கள்.

கேமுக்குள் வாங்கும் நாணயம், உடை, வாள், கூடுதல் கட்டம் போன்றவற்றை மெட்டா பொதுவாகத் திருப்புவதில்லை. பிளேஸ்டேஷனில் கைக்கு வந்துசேர்ந்த செலவழிபொருளுக்குப் பணம் வராது. ஸ்டீமில் அதை நடத்தும் வால்வ் நிறுவனத்தின் சொந்த கேம்களுக்கு 48 மணி நேரம் உண்டு, பொருளைப் பயன்படுத்தியிருக்கக் கூடாது. மற்ற நிறுவனங்களின் கேம்களில் அவர்கள் அனுமதித்தால்தான். பிள்ளைகள் கையில் ஹெட்செட் கொடுக்கும் வீட்டில் பணம் கட்டும் அமைப்பில் பின் எண் போட்டு வையுங்கள். தொகுப்பாக வாங்கியதில் ஒரு கேமை மட்டும் பிரித்துத் திருப்பலாம் என்றும் எண்ண வேண்டாம். ஸ்டீமில் தொகுப்பு முழுவதற்கும் சேர்த்தே 2 மணி நேரம். வேறு இணையதளத்தில் மலிவாக வாங்கிய ஸ்டீம் குறியீட்டுக்கு ஸ்டீம் பணம் தராது, விற்றவரைத்தான் பிடிக்க வேண்டும்.

விண்ணப்பிக்கும் முறை

கேமை ஹெட்செட்டிலிருந்து நீக்கிவிட்டால் பணம் தானாக வந்துவிடும் என்று நினைப்பவர்கள் வியப்பளிக்கும் அளவுக்கு உண்டு. நீக்குவது இடத்தைக் காலி செய்யும், வேறொன்றும் செய்யாது. தனியாக விண்ணப்பிக்க வேண்டும்.

மெட்டாவில் வாங்கிய அதே கணக்கில், கைபேசியின் மெட்டா ஹொரைசன் செயலிக்குள் போய் மெனுவில் 'பர்ச்சேஸ் ஹிஸ்டரி' தேடுங்கள். முன்பு இதற்கு மெட்டா குவெஸ்ட் என்றும், அதற்கும் முன்பு ஆக்குலஸ் என்றும் பெயர், பழைய வழிகாட்டிகளைப் பார்த்துக் குழம்ப வேண்டாம். கேமைத் தொட்டு, 'ரிக்வெஸ்ட் ரீஃபண்ட்' கொடுத்து, காரணத்தைத் தேர்ந்து அனுப்புங்கள். கணினி உலாவியில் மெட்டா கணக்கைத் திறந்தும் இதையே செய்யலாம்.

ஸ்டீமில் 'ஸ்டீம் சப்போர்ட்', பிறகு 'பர்ச்சேஸஸ்', கேம், 'ஐ வுட் லைக் எ ரீஃபண்ட்' என்று போக வேண்டும். பணம் ஸ்டீம் பர்ஸுக்கா, கட்டிய அட்டைக்கா என்று அங்கே கேட்பார்கள். அவசரத்தில் பர்ஸைத் தேர்ந்துவிட்டு, வங்கிக் கணக்கில் பணம் வரவில்லை என்று இரண்டு வாரம் தேடாதீர்கள். பிளேஸ்டேஷனுக்கு அவர்களின் ஆதரவுப் பக்கத்துக்குப் போங்கள், உள்நுழைவு மின்னஞ்சலும் வாங்கிய விவரமும் கையில் இருக்கட்டும்.

வரம்புக்குள் இருந்தால் காரணத்தில் கதை எழுதத் தேவையில்லை. வரம்பைத் தாண்டியிருந்தால்தான் எழுத்து முக்கியம். வரம்புக்கு வெளியே உள்ள விண்ணப்பத்தையும் பார்ப்போம் என்று ஸ்டீம் சொல்கிறது. "கேம் மோசம், பணத்தைத் தாருங்கள்" என்பதால் பயனில்லை. ஹெட்செட் மாடல், மென்பொருள் பதிப்பு, எந்தக் கட்டத்தில் எத்தனையாவது நிமிடத்தில் கேம் உறைந்தது, மறுபடி நிறுவியும் அதேதானா, எந்தத் தேதியில் முதலில் புகார் சொன்னீர்கள், ஆர்டர் எண் என்ன, இந்த ஆறும் ஐந்து வரியில் இருந்தால் படிப்பவர் முடிவெடுக்க முடியும். உறைந்த இடத்தை ஹெட்செட்டிலேயே வீடியோவாகப் பதிவு செய்து வையுங்கள்.

ரேண்டில் வந்துசேரும் தொகை

அட்டையில் டாலரில் பிடிக்கப்பட்டிருந்தால் திரும்பி வருவதும் டாலர்தான், ரேண்டாக மாறுவது வந்துசேரும் நாளின் விலையில். ஒரு கணக்குக்காக: 30 டாலர் கேம், வாங்கிய நாளில் ஒரு டாலர் 18.50 ரேண்ட் என்றால் 555 ரேண்ட் போயிருக்கும். திரும்பும் நாளில் 17.80 என்றால் 534 ரேண்ட் வரும். 21 ரேண்ட் குறைவது கடையின் ஏமாற்று அல்ல. வங்கி பிடித்த அந்நியச் செலாவணிக் கட்டணம் திரும்ப வராமலும் போகலாம். ரேண்டிலேயே விலை போடும் கடையில் இந்தத் தொல்லை இல்லை.

வங்கிச் செயலியில் உருவாக்கிய மெய்நிகர் அட்டையால் வாங்கிவிட்டு, பாதுகாப்புக்கென்று மறுநாளே அதை அழித்துவிடும் பழக்கம் பலருக்கு உண்டு. ரீஃபண்ட் காலம் முடியும்வரை அதை அழிக்காதீர்கள். இல்லாத அட்டைக்கு அனுப்பிய பணம் வங்கிக்கும் கடைக்கும் நடுவே அலையும், தேடிப்பிடிக்க நீங்கள்தான் போன் போட வேண்டும்.

பணம் தாமதமானதும் கோபத்தில் வங்கியில் 'சார்ஜ்பேக்' (கட்டிய பணத்தை வங்கி வழியாகப் பிடுங்கும் கோரிக்கை) போடுவதுதான் எல்லாவற்றிலும் விலை உயர்ந்த தவறு. 400 ரேண்டைப் பிடிவாதமாகத் திரும்ப வாங்கினால் கடை உங்கள் கணக்கையே முடக்கலாம், அதோடு ஆண்டுக்கணக்கில் வாங்கிச் சேர்த்த எல்லா கேம்களும் பூட்டிக்கொள்ளும். நீங்கள் செய்யாத கொள்முதல், திருடப்பட்ட அட்டை போன்றவற்றுக்குத்தான் அது. இன்னொன்று: பணத்தைப் பெறுவதற்கு ஓடிபி தேவையில்லை, வங்கிச் செயலியில் 'அப்ரூவ்' அழுத்தவும் தேவையில்லை. ரீஃபண்ட் அனுப்புகிறோம், அனுமதி கொடுங்கள் என்று அழைப்பவர் உங்கள் பணத்தை எடுக்கப் போகிறார்.

சட்டம் எதற்கு உதவும், எதற்கு உதவாது

இணையத்தில் வாங்கிய எதையும் ஏழு நாளில் திருப்பலாம் என்று நம் ஊரில் உறுதியாகச் சொல்வார்கள். 2002ஆம் ஆண்டின் மின்னணுத் தொடர்பு மற்றும் பரிவர்த்தனைச் சட்டத்தின் 44ஆம் பிரிவு அது. ஒப்பந்தத்துக்கு எந்த நாட்டுச் சட்டம் பொருந்தினாலும் இந்தப் பாதுகாப்பு உண்டு என்று 47ஆம் பிரிவும் சொல்கிறது. ஆனால் விலக்குப் பட்டியலைப் படித்தவர்கள் குறைவு: முத்திரை பிரித்த மென்பொருளும், ஏழு நாள் முடியும் முன்பே உங்கள் சம்மதத்தோடு தொடங்கிவிட்ட சேவையும் அதில் இருக்கின்றன. டவுன்லோட் செய்து ஆடிய கேமுக்கு இந்தப் பிரிவைத் தூக்கிக்கொண்டு போய் வெல்வது கடினம். மெட்டாவும் ஸ்டீமும் தரும் 14 நாளே அதைவிடத் தாராளம்.

பழுதான கேமுக்கு வேறு கதவு இருக்கிறது. நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் பொருள் என்பதற்கான விளக்கத்துக்குள் கேம், மென்பொருள், அவற்றைப் பயன்படுத்தும் உரிமம் எல்லாம் வருகின்றன. 55, 56ஆம் பிரிவுகளின்படி பழுதான பொருளை ஆறு மாதத்துக்குள் திருப்பி, பழுதுபார்ப்பு, மாற்று, பணம் மூன்றில் ஒன்றை நீங்களே தேர்ந்தெடுக்கலாம். வெளிநாட்டு நிறுவனத்திடம் இதை நிறைவேற்ற வைப்பது இழுபறிதான், உள்ளூர்க் கடையிடம் எளிது. ஹெட்செட்டின் கட்டுப்பாட்டுக் கருவி தானாக நகர்ந்தாலோ லென்ஸில் கறை இருந்தாலோ இதைத்தான் பிடிக்க வேண்டும். முதலில் கடைக்கு எழுத்தில் புகார், பதில் சரியில்லை என்றால் நுகர்வோர் பொருள் மற்றும் சேவைகள் ஓம்புட்ஸ்மன் (புகார் தீர்க்கும் அமைப்பு). அங்கே புகார் கொடுக்கக் கட்டணம் இல்லை.

குவெஸ்ட் இங்கே பெரும்பாலும் இறக்குமதியாளர் கை வழியாகவே வருவதால், உத்தரவாதம் யார் பெயரில், எத்தனை மாதம் என்பதை பில்லில் எழுதி வாங்குங்கள். தனி ஆளிடம் பழைய ஹெட்செட் வாங்கும்போது அந்தச் சட்டம் துணைக்கு வராது, அது வியாபாரம் செய்பவருக்குத்தான் பொருந்தும். "முப்பது கேம் உள்ளே இருக்கிறது" என்று சொல்லிக் கூடுதலாக 2,000 ரேண்ட் கேட்டால் கொடுக்காதீர்கள். கேம்கள் ஹெட்செட்டில் இல்லை, விற்பவரின் கணக்கில் இருக்கின்றன. அவர் தன் கணக்கை எடுத்துவிட்டு ஹெட்செட்டைத் துடைத்துக் கொடுத்த நிமிடத்தில் முப்பதும் போய்விடும், அவற்றுக்கு ரீஃபண்ட் கேட்கும் உரிமையும் வாங்கிய அவருக்குத்தான். துடைக்காமல் கொடுத்தால் இன்னும் மோசம். அவர் வீட்டிலிருந்தபடியே கடவுச்சொல்லை மாற்றினால் உள்ளே இருக்கும் கேம்கள் உங்களுக்குப் பூட்டிக்கொள்ளலாம்.